இத்தாலிய சொகுசு ஃபேஷன் பொருளாதாரம்: எண்களைப் படிக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

2024-ல் கூச்சியின் விற்பனை 23% சரிந்து 765 கோடி யூரோவுக்கு இறங்கியது. அதே ஆண்டில் புருனெல்லோ குச்சினெல்லி சுமார் 12% வளர்ந்தது. பிராடா குழுமத்தின் மியூ மியூ, நாணய மாற்று விளைவை நீக்கிப் பார்த்தால், சில்லறை விற்பனையில் 93% ஏறியது. மூன்றும் இத்தாலியப் பெயர்கள். மூன்றும் கடை விரித்திருப்பதும் ஏறத்தாழ ஒரே தெருக்களில்தான். இவற்றில் ஏதாவது ஒரு எண்ணை எடுத்துக்கொண்டு "இத்தாலிய சொகுசுத் துறை சரிகிறது" என்றோ "பறக்கிறது" என்றோ எழுதுவதுதான் அடிக்கடி கண்ணில் படும் தவறு. அதைக் கண்டுபிடிப்பது சுலபம். கீழே வருபவை அவ்வளவு சுலபமாகப் பிடிபடாதவை. பெரும்பாலும் எல்லாமே, ஒரு தொகை யாருடைய கணக்கில் ஏறுகிறது என்று கேட்காமல் விட்டதால் வருபவை.

53 யூரோ பையும் 2,600 யூரோ பையும்

2024 ஜூனில் மிலான் நீதிமன்றம், டியோரின் இத்தாலியத் தயாரிப்பு நிறுவனம் ஒன்றை நீதிமன்றக் கண்காணிப்பின் கீழ் கொண்டுவந்தது. 2,600 யூரோவுக்கு விற்கும் ஒரு கைப்பைக்குத் துணை ஒப்பந்தப் பட்டறைக்குக் கொடுக்கப்பட்டது 53 யூரோ என்று வழக்கு ஆவணங்கள் சொல்லின. உடனே உலகமெங்கும் ஒரே கணக்கு ஓடியது: 53-க்கு வாங்கி 2,600-க்கு விற்கிறார்கள், ஏறத்தாழ ஐம்பது மடங்கு லாபம்.

இந்தக் கணக்கு இரண்டு முனையிலும் தவறு. 53 யூரோ என்பது வெட்டி, ஒட்டி, தைத்துக் கொடுப்பதற்கான கூலி. தோல், பூட்டு, கொக்கி போன்ற மூலப்பொருட்கள் அதில் சேரவில்லை. இந்தத் தொழிலில் தோலைப் பிராண்டே வாங்கிப் பட்டறைக்கு அனுப்புவதுதான் பொதுவான வழக்கம். மறுமுனையில், 2,600 யூரோ என்பது வரி சேர்ந்த விலை. இத்தாலியில் மதிப்புக் கூட்டு வரி 22%. எனவே 2,600-ஐ 1.22-ஆல் வகுக்க வேண்டும்: கடைக்கு வருவது சுமார் 2,131 யூரோ, மீதி 469 அரசாங்கத்துக்கு. (2,600-இல் நேரடியாக 22% கழிப்பவர்கள் இங்கேயே நூறு யூரோவுக்கு மேல் பிசகுகிறார்கள்.) அந்த 2,131-இல் கூலி போக மீதமுள்ள தொகையிலிருந்துதான் தோல், வடிவமைப்பு, மாதிரி, கடை வாடகை, பணியாளர் சம்பளம், விளம்பரம், விற்காமல் தேங்கும் சரக்கு எல்லாவற்றுக்கும் போக வேண்டும்.

இப்படித் திருத்தியதும் "அப்படியானால் 53 யூரோ நியாயமான கூலிதான்" என்று மறுபக்கம் சாய்ந்துவிடக் கூடாது. அந்த வழக்கில் ஆய்வாளர்கள் கண்டது, பட்டறையிலேயே தூங்கி எழுந்து வேலை செய்த தொழிலாளர்களையும், வேகத்துக்காகப் பாதுகாப்புக் கருவி கழற்றப்பட்ட இயந்திரங்களையும். பொருளாதாரமாகப் பார்த்தால் கவனிக்க வேண்டியது முதல் எண்ணையும் கடைசி எண்ணையும் அல்ல, நடுவில் இருப்பதை. அதே ஆண்டு ஏப்ரலில் வந்த அர்மானி ஆப்பரேஷன்ஸ் வழக்கில் அது தெளிவாகத் தெரிந்தது: கடைசிப் பட்டறைக்கு 93 யூரோ, ஆர்டர் எடுத்த ஒப்பந்ததாரர் அர்மானிக்கு விற்றது 250 யூரோ, கடை விலை சுமார் 1,800. நடுவில் நின்ற 157 யூரோவுக்கு ஒப்பந்ததாரர் என்ன செய்தார் என்பதே கேள்வி. ஆர்டர் எடுத்தவரிடம் அத்தனை பை தைக்கும் ஆளும் இயந்திரமும் இல்லையென்றால், வேலை கீழே இறங்கத்தான் செய்யும். ஒவ்வொரு படியிலும் கூலி சுருங்கும்.

இன்னொரு விஷயம். நீதிமன்றக் கண்காணிப்பு என்பது குற்றத் தீர்ப்பு அல்ல. சப்ளையர்களை மேற்பார்வையிடத் தவறியதற்காக, நிறுவனத்துக்கு ஒரு நிர்வாகியை நியமித்து ஒழுங்குபடுத்தும் தடுப்பு நடவடிக்கை. அர்மானி ஆப்பரேஷன்ஸ் மீதான கண்காணிப்பு 2025 பிப்ரவரியில், கெடுவுக்கு முன்பே நீக்கப்பட்டது. "தண்டிக்கப்பட்டது" என்று எழுதுவது பிழை.

பெயர் இத்தாலியன், லாபம் எங்கே?

டியோர் பிரெஞ்சு நிறுவனம். அதன் பை தைக்கப்பட்டது மிலான் பக்கத்தில். தலைகீழாக, ஃப்ளாரன்ஸில் 1921-ல் பிறந்த கூச்சியின் லாபம் போய்ச் சேருவது பாரிஸில் இருக்கும் கெரிங் என்ற சொகுசுக் குழுமத்திடம். போட்டேகா வெனேட்டாவும் அப்படியே. ஃபெண்டி, லோரோ பியானா, புல்கரி, பூச்சி ஆகியவை எல்விஎம்எச் என்ற பிரெஞ்சுக் குழுமத்தின் வசம். லோரோ பியானாவின் 80% பங்குக்கு எல்விஎம்எச் 2013-ல் கொடுத்தது 200 கோடி யூரோ. வாலண்டினோ 2012 முதல் கத்தாரின் மேஹூலா முதலீட்டு நிறுவனத்திடம். 2023-ல் அதில் 30% பங்கைக் கெரிங் 170 கோடி யூரோவுக்கு வாங்கியது.

ஆகவே "இத்தாலியத் தொழில்" என்று சொல்லும்போது எதைச் சொல்கிறோம் என்பதை முதலில் பிரித்துக்கொள்ள வேண்டும். கூலியும் வேலைவாய்ப்பும் என்றால், பிரெஞ்சு பிராண்டுகளுக்காக ஃப்ளாரன்ஸ் அருகே ஸ்காண்டிச்சியில் பை தைப்பவர்களையும் சேர்க்க வேண்டும். பங்குதாரர் லாபம் என்றால் கூச்சியையும் ஃபெண்டியையும் கழிக்க வேண்டும். இரண்டையும் ஒரே பட்டியலில் கூட்டினால் அந்த மொத்தத்துக்கு அர்த்தமே இல்லை.

மிலான் பங்குச் சந்தையை வைத்துத் துறையை அளப்பதும் இதே வகைப் பிழை. மான்க்ளேர், குச்சினெல்லி, ஃபெராகாமோ அங்கே இருக்கின்றன. பிராடா 2011-ல் ஹாங்காங்கில் பட்டியலிடப்பட்டது. ஸென்யா 2021-ல் நியூயார்க் போனது. டோட்ஸ் 2024-ல் சந்தையை விட்டே வெளியேறியது. எதிர்த்திசையிலும் நகர்வு உண்டு: 2018-ல் 183 கோடி யூரோ மதிப்பில் அமெரிக்கக் கைக்குப் போன வெர்சாச்சேயை, 2025-ல் பிராடா 125 கோடி யூரோவுக்கு இத்தாலிக்குத் திருப்பி வாங்கியது. புகழ் பெற்ற பெயர் என்றால் மதிப்பு ஏறிக்கொண்டேதான் போகும் என்று நம்புபவர்கள் இந்த இரண்டு விலைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம்.

"மேட் இன் இத்தாலி" என்ற லேபிள்

எல்லாமே இத்தாலியில் நடந்தது என்று இதைப் படிக்கக் கூடாது. ஐரோப்பிய சுங்க விதிப்படி, ஒரு பொருள் பல நாடுகளில் உருவானால், கடைசியாகக் கணிசமான மாற்றம் நடந்த நாடுதான் அதன் பிறப்பிடம். வடிவமைப்பு, திட்டமிடல், தயாரிப்பு, பேக்கிங் எல்லாமே இத்தாலியில் நடந்தால் மட்டும் "100% மேட் இன் இத்தாலி" என்று போடலாம் என்பது 2009-ன் 166-ஆம் எண் சட்டம். இரண்டும் வேறு வேறு. அதேசமயம், கச்சாப் பொருள் வெளிநாட்டிலிருந்து வருவதை மோசடியாக நினைப்பதும் தவறு. கோமோவில் நெய்து அச்சிடும் பட்டுக்கு நூல் பெரும்பாலும் சீனாவிலிருந்து வருகிறது. பியெல்லா ஆலைகளின் காஷ்மீர் இழை மங்கோலியாவிலிருந்தும் சீனாவிலிருந்தும் வருகிறது. இத்தாலி விற்பது நூற்பு, சாயம், முடிப்பு வேலை, சாந்தா குரோச்சே சுல்லார்னோ போன்ற ஊர்களின் தோல் பதனிடும் கைப்பக்குவம். மதிப்பு கூடுவது அந்தக் கட்டங்களில்தான்.

ஒரு பைகூட அதிகம் விற்காமல் வளர்வது எப்படி

ஆண்டறிக்கை படிப்பவர்கள் அதிகம் ஏமாறும் இடம் இதுதான். ஒரு கற்பனைக் கணக்கு. வரி நீங்கலாக 1,000 யூரோ விலையுள்ள பையைப் பிராண்ட் பல பிராண்டுகளை விற்கும் ஒரு கடைக்கு மொத்த விலையில் 400 யூரோவுக்குக் கொடுக்கிறது. ஆண்டுக்கு 1,000 பை. வருவாய் 4 லட்சம் யூரோ. அடுத்த ஆண்டு அந்தக் கடையை விட்டுவிட்டுப் பிராண்டே பக்கத்தில் சொந்தக் கடை திறக்கிறது. அதே 1,000 பை, அதே விலை. வருவாய் இப்போது 10 லட்சம் யூரோ. 150% வளர்ச்சி! வாங்குபவர் ஒருவர்கூடக் கூடவில்லை. ஆனால் வாடகை, சம்பளம், தேங்கும் சரக்கு மூன்றும் இப்போது பிராண்டின் தலையில்.

மொத்த விற்பனையைக் குறைத்து நேரடிக் கடைக்கு மாறுவது பல பிராண்டுகளின் திட்டமாகவே இருந்து வந்திருக்கிறது. ஆகவே வளர்ச்சி விகிதத்தைப் பார்த்ததும் இந்த வரிசையில் தோண்டுங்கள்: முதலில் நாணய மாற்று விளைவு நீக்கிய விகிதம், பிறகு சில்லறை, மொத்தம் என்று பிரித்த எண்கள், பிறகு ஆண்டின் தொடக்கத்திலும் முடிவிலும் சொந்தக் கடைகளின் எண்ணிக்கை, கொடுத்திருந்தால், ஏற்கெனவே இருந்த கடைகளின் வளர்ச்சி மட்டும். எஞ்சியதில்தான் விலையேற்றமும் உண்மையான எண்ணிக்கையும் கலந்து கிடக்கும். எத்தனை பை விற்றது என்பதை இந்த நிறுவனங்கள் பொதுவாகச் சொல்வதில்லை. விலை 8% ஏற்றிய ஆண்டில் விற்பனை 5% கூடியது என்றால், எண்ணிக்கை குறைந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்பதை நீங்களாகத்தான் ஊகிக்க வேண்டும். பல்பொருள் அங்காடிக்குள் பிராண்டே நடத்தும் தனிப் பகுதியைச் சில்லறைக் கணக்கில்தான் சேர்ப்பார்கள் என்பதையும் நினைவில் வையுங்கள்.

80% மார்ஜின் என்றால் 80% லாபமா?

இல்லை. பிராடா குழுமத்தின் மொத்த லாப விகிதம் (விற்பனையில் பொருளைத் தயாரிக்கும் செலவை மட்டும் கழித்தது) 2024-ல் ஏறத்தாழ 80%. கடை, விளம்பரம் போன்ற செலவுகளையும் கழித்த செயல்பாட்டு லாபமோ 24%-க்கும் சற்றுக் குறைவு. நடுவில் காணாமல் போனதில் பெரும்பகுதி கடைகளுக்கும் விளம்பரத்துக்கும் போனது. மிலானின் வியா மோன்தே நப்போலியோனே தெரு 2024-ல் குஷ்மன் அண்டு வேக்ஃபீல்டு என்ற சொத்து ஆலோசனை நிறுவனத்தின் பட்டியலில் உலகிலேயே வாடகை அதிகமான கடைத்தெருவாக முதலிடம் பிடித்தது: ஒரு சதுர மீட்டருக்கு ஆண்டுக்கு 20,000 யூரோ. 200 சதுர மீட்டர் கடை என்றால் ஆண்டு வாடகை 40 லட்சம் யூரோ. விற்பனை இறங்கினால் அந்த வாடகை இறங்காது.

அதனால்தான் இந்தத் தொழிலில் லாபம் விற்பனையைவிட வேகமாக விழுகிறது. கூச்சியையே பாருங்கள். 2023-ல் 987 கோடி விற்பனையில் 326 கோடி செயல்பாட்டு லாபம், அதாவது 33%. 2024-ல் 765 கோடியில் 160 கோடி, 21%. விற்பனை கால்வாசிகூடக் குறையவில்லை, லாபம் பாதியாகிவிட்டது. "விற்பனை 10% குறைந்தால் லாபமும் 10% குறையும்" என்று அட்டவணையை நீட்டிப் போடுபவர்கள், ஏறும்போதும் இறங்கும்போதும் தவறவிடுவது இதைத்தான்.

கூடவே ஒரு கணக்கியல் பொறி. 2019-ல் ஐஎஃப்ஆர்எஸ் 16 என்ற சர்வதேசக் கணக்கியல் விதி வந்த பிறகு, நிலையான கடை வாடகையின் பெரும்பகுதி தேய்மானமாகவும் வட்டியாகவும் மாறிவிட்டது. அதனால் எபிட்டா (வட்டி, வரி, தேய்மானம் கழிப்பதற்கு முந்தைய லாபம்) எண் வாடகையைக் கழிக்காமலே நிற்கிறது. 2018-ன் எபிட்டாவோடு 2024-ஐ ஒப்பிட்டால் முன்னேற்றம் மாயமாகப் பெருத்துத் தெரியும். அமெரிக்கக் கணக்கு விதிப்படி சாதாரணக் கடைக் குத்தகை இன்னும் செயல்பாட்டுச் செலவாகவே இருப்பதால், அங்குள்ள நிறுவனத்தின் எபிட்டாவையும் பிராடாவுடையதையும் பக்கத்தில் வைப்பதும் செல்லாது. செயல்பாட்டு லாபத்தை வைத்து ஒப்பிடுங்கள்.

எங்கே விற்றது, யார் வாங்கினார்

இத்தாலியின் ஏற்றுமதிப் பட்டியலில் சுவிட்சர்லாந்து பல ஆண்டுகள் பெரிய வாடிக்கையாளராகத் தெரிந்தது. சுவிஸ் மக்கள் அத்தனை பை வாங்கியதால் அல்ல. பல பிராண்டுகளின் கிடங்கும் விநியோக நிறுவனமும் திச்சினோ மாநிலத்தில் இருந்ததால். சரக்கு அங்கே போய் உலகத்துக்குப் பிரிந்தது. கூச்சியின் அந்த ஏற்பாடு வரித் தகராறாகி, 2019-ல் கெரிங் இத்தாலிக்கு 125 கோடி யூரோ கட்டித் தீர்த்தது. பின்னர் கெரிங் தன் கிடங்கை இத்தாலியின் திரெக்காத்தேவுக்கு மாற்றியது. இப்படிக் கிடங்கு இடம் மாறும்போது ஏற்றுமதிப் புள்ளிவிவரம் ஆடும். தேவை ஆடியிருக்கத் தேவையில்லை.

கடைகளின் பிரதேச எண்களிலும் இதே சிக்கல். 2024-ல் யென் பலவீனமானபோது சீனப் பயணிகள் ஜப்பானுக்குப் போய் வாங்கினார்கள். அறிக்கையில் ஜப்பான் ஏறியது, சீனா இறங்கியது. வாங்கியவர்களில் பலர் அதே ஆட்கள். மிலான் கடையில் வெளிநாட்டுப் பயணி வாங்குவது பிராண்டின் கணக்கில் ஐரோப்பிய விற்பனை. 2024 பிப்ரவரி முதல் இத்தாலியில் வரித் திருப்பத்துக்கான (ஐரோப்பிய ஒன்றியத்துக்கு வெளியிலிருந்து வரும் பயணிகளுக்கு மதிப்புக் கூட்டு வரியைத் திருப்பித் தருவது) குறைந்தபட்சக் கொள்முதல் 154.94 யூரோவிலிருந்து 70 ஆகக் குறைந்தது. எனவே வரித் திருப்ப ரசீதுகளின் எண்ணிக்கை கூடியதை மட்டும் பார்த்துப் பயணிகள் கூடினார்கள் என்று முடிவு கட்டாதீர்கள்.

வாசனைத் திரவியமும் கண்ணாடியும் தனிக் கதை. கூச்சி பெயரில் கோட்டி நிறுவனம் உரிமம் பெற்று விற்கும் சென்ட், கோட்டியின் வருவாயில்தான் ஏறும். கூச்சிக்கு வருவது உரிமத் தொகை மட்டும். கூச்சி கண்ணாடியோ 2017-ல் சஃபிலோவிடமிருந்து கெரிங் ஐவேர் கைக்கு வந்தது, அங்கே தனிக் கணக்கு.

பட்டறைகளின் நிலவரம் அறிக்கைக்கு முன்பே தெரியும்

பிராண்டின் காலாண்டு எண் வரும்வரை காத்திருந்து, பிறகு டஸ்கனி பட்டறைகளுக்கு என்ன ஆகும் என்று ஊகிப்பது வரிசையைத் தலைகீழாக்குவது. கடையில் சரக்கு தேங்கியதும் முதலில் வெட்டப்படுவது அடுத்த சீசன் ஆர்டர். ஸ்காண்டிச்சியில் வேலை நேரம் குறைந்த பிறகுதான் பாரிஸில் அறிக்கை வெளியாகும். 2024 இறுதியில் இத்தாலிய அரசு துணி, ஆடை, காலணி, தோல் துறைகளில் 15 பேர் வரை வேலை செய்யும் நிறுவனங்களுக்குக் கூடுதல் வாரங்கள் சம்பள உதவி (வேலை குறையும்போது தொழிலாளர் இழக்கும் சம்பளத்தில் ஒரு பகுதியைத் தரும் ஏற்பாடு) அறிவித்ததே அந்த நெருக்கடியால்தான்.

இதற்கு, இத்தாலியின் சமூகப் பாதுகாப்பு நிறுவனமான ஐஎன்பிஎஸ் மாதந்தோறும் வெளியிடும் சம்பள உதவி மணிநேரக் கணக்கைப் பலரும் பயன்படுத்துகிறார்கள். நல்ல கருவிதான், இரண்டு எச்சரிக்கையோடு. அது அனுமதிக்கப்பட்ட மணிநேரம், உண்மையில் பயன்படுத்தியது அல்ல. நிறுவனங்கள் முன்னெச்சரிக்கையாக அதிகம் கேட்டு வைப்பது வழக்கம். மேலும் கைவினைஞர் பட்டறைகள் பெரும்பாலும் எஃப்எஸ்பிஏ என்ற தனி நிதியின் கீழ் வருவதால், துணை ஒப்பந்த வரிசையின் அடியில் இருக்கும் ஐந்து பேர், பத்து பேர் பட்டறைகள் ஐஎன்பிஎஸ் அட்டவணையில் தென்படாது. முதலில் அடி வாங்குவது அவைதான் என்பதால், அந்த நிதியின் எண்களைத் தனியாக எடுத்துச் சேர்த்தால்தான் படம் முழுதாகும்.