திரையில் 2, காற்றில் 12: சிகாகோ பக்கம் ஆன்டெனா வைப்பவர்களுக்கு

போன குளிர்காலத்தில் எங்கள் அபார்ட்மெண்ட்டுக்குப் புதிதாகக் குடிவந்த தம்பி ஒருவர் கதவைத் தட்டினார். "அண்ணே, ஆன்டெனா வாங்கி மாட்டினேன். 7 கண்ணாடி மாதிரி வருது. 2 மட்டும் எட்டியே பாக்க மாட்டேங்குது. டிவியில கோளாறா?"

போய்ப் பார்த்தேன். ஜன்னலில் காகிதம் போலத் தட்டையான ஆன்டெனா. பெட்டியின் மேல் '4கே டிஜிட்டல் ஆன்டெனா' என்று கொட்டை எழுத்து. ஆன்டெனாவுக்கு டிஜிட்டலும் தெரியாது, 4கே-வும் தெரியாது. அது அலையைப் பிடித்துக் கொடுக்கும் உலோகம், அவ்வளவுதான். அந்த எழுத்துக்குத் தனியாகக் காசு கொடுக்க வேண்டாம். டிவியிலும் கோளாறில்லை. அவருக்குத் தெரியாமல் போனது ஒன்றே ஒன்று: திரையில் 2 என்று தெரியும் சேனலின் சிக்னல், காற்றில் 2-ஆம் சேனலில் வருவதில்லை.

நான் நேப்பர்வில்லில் இருக்கிறேன், சிகாகோ நகர மையத்துக்கு மேற்கே ஏறக்குறைய 45 கிலோமீட்டர். இந்த எண் குழப்பத்தில் நானும் ஒருமுறை மாட்டியவன்தான். 2009 ஜூன் 12-ஓடு அமெரிக்காவின் பெரிய நிலையங்கள் எல்லாம் பழைய அனலாக் ஒளிபரப்பை நிறுத்தி முடித்து, டிஜிட்டலுக்கு மட்டும் என்று ஆகின. அதற்கு முன் பெரும்பாலான நிலையங்கள் பழைய அனலாக் சேனலோடு, டிஜிட்டலுக்கென்று இன்னொரு சேனலையும் கையில் வைத்திருந்தன. ஏபிசி என்ற தொலைக்காட்சி நிறுவனத்தின் சிகாகோ நிலையமான டபிள்யூஎல்எஸ், அன்று வரை டிஜிட்டலை 52-இல் விட்டுக்கொண்டிருந்தது. அன்று தன் பழைய 7-க்கே திரும்பியது. எங்கள் வீட்டில் 7 போய்விட்டது. எங்களுக்கு மட்டுமில்லை, ஊரில் பலருக்கும். சில மாதத்தில் நிலையம் 44-க்கு மாறிக்கொண்டது. அங்கேயும் நிலைக்கவில்லை. 2017-இல் முடிந்த அலைவரிசை ஏலத்தில் 38 முதல் 51 வரையிலான இடம் மொபைல் நிறுவனங்களுக்குப் போனது. ஆயிரத்துக்குக் கொஞ்சம் குறைவான நிலையங்கள் 2018 கடைசி தொடங்கி 2020 ஜூலைக்குள் புதிய சேனலுக்கு மாறின. டபிள்யூஎல்எஸ் இப்போது இருப்பது 22-இல். ஆனால் திரையில் அன்றும் 7, இன்றும் 7.

கடையை வேறு தெருவுக்கு மாற்றினாலும் பழைய பெயர்ப்பலகையைக் கழற்றிக்கொண்டு போவோம் இல்லையா, அதே வேலைதான். எந்த எண்ணைக் காட்ட வேண்டும் என்பதை நிலையமே சிக்னலுக்குள் வைத்து அனுப்புகிறது. சிபிஎஸ் என்ற இன்னொரு நிறுவனத்தின் சிகாகோ நிலையம் டபிள்யூபிபிஎம். அது திரையில் காட்டுவது 2. காற்றில் வருவது 12.

ஆகவே ஆன்டெனா வாங்கும் முன் செய்ய வேண்டியது, உங்களுக்கு வேண்டிய சேனல்களின் காற்று எண்ணைப் பார்ப்பது. அமெரிக்க அரசின் தகவல்தொடர்பு ஆணையமான எஃப்சிசி-யின் தளத்தில் டிடிவி (டிஜிட்டல் டிவி) வரவேற்பு வரைபடம் இருக்கிறது. முகவரியைக் கொடுத்தால் உங்கள் வீட்டுக்கு எட்டும் நிலையங்களின் பட்டியல் வரும். நிலையத்தின் பெயரைத் தொட்டால் 'ஆர்எஃப் சேனல்' என்று ஒரு எண் விரியும். அதுதான் உண்மையான எண். எழுதிக்கொள்ளுங்கள். ராபிட் இயர்ஸ் என்ற தளம் இன்னும் விலாவாரியாகச் சொல்லும், முதல் நாளிலேயே அதில் இறங்கினால் தலை சுற்றும்.

எழுதிய எண்களை இரண்டாகப் பிரியுங்கள். 2 முதல் 13 வரை விஎச்எஃப், அலை நீளமானது. 14 முதல் 36 வரை யுஎச்எஃப், அலை குட்டையானது. தட்டை ஆன்டெனா பெரும்பாலும் யுஎச்எஃப்-க்குத்தான் லாயக்கு. காரணம் நீளம். 22-ஆம் சேனலின் அலைக்கு முனைக்கு முனை 29 சென்டிமீட்டர் உலோகம் போதும். 12-க்கு 72 சென்டிமீட்டர் வேண்டும். தூத்துக்குடியில் சின்ன வயதில் இலங்கை ரூபவாஹினி பார்க்க மொட்டை மாடியில் நின்ற ஆன்டெனாவின் குச்சிகள் ஒவ்வொன்றும் கைத்தடி நீளம். அந்த நீளம் எதற்கு என்பது எனக்குச் சிகாகோ வந்துதான் புரிந்தது.

தம்பிக்கு நான் கொடுத்தது என் பரணில் கிடந்த பழைய முயல்காது ஆன்டெனா. அவர் வாங்கியதும் இரண்டு குச்சிகளையும் கடைசி வரை இழுத்து வி போல நிறுத்தினார். எல்லோரும் செய்வது அது. நீளம் கூடினால் சிக்னலும் கூடும் என்பதில்லை. 12-ஆம் சேனலுக்கு ஒவ்வொரு குச்சியும் 14 அங்குலம் இருந்தால் போதும். அவர் மகளின் பள்ளி ஸ்கேலை வைத்து அளந்து, மிச்சத்தை உள்ளே தள்ளி, இரண்டையும் மேஜைக்கு இணையாகப் படுக்க வைத்தோம். குச்சிகளின் நுனி, சிக்னல் வரும் ஒளிபரப்புக் கோபுரத்தை நோக்கக் கூடாது. குச்சிகளின் அகலவாட்டுப் பக்கம்தான் கோபுரத்தைப் பார்க்க வேண்டும். எங்களுக்குக் கோபுரம் என்றால் கிழக்கே, சிகாகோவில் ஒளிபரப்பு ஆன்டெனாக்களைத் தலையில் சுமந்து நிற்கும் வில்லிஸ் டவர், ஹான்காக் என்ற உயரமான கட்டிடங்கள்.

அப்புறம் ஸ்கேன். டிவி மெனுவில் 'கேபிள்' இல்லை, 'ஆன்டெனா' அல்லது 'ஏர்' என்று இருப்பதைத் தேர்ந்தெடுங்கள். முன்பே ஒருமுறை ஸ்கேன் செய்த டிவி என்றால், ஆன்டெனா வயரைக் கழற்றிவிட்டு வெறுமனே ஒரு ஸ்கேன் ஓட்டுங்கள். ஒன்றும் கிடைக்காது, கிடைக்கவும் கூடாது. பழைய நினைவு துடைக்கப்படும். பிறகு வயரை மாட்டி மறுபடி ஸ்கேன். நிலையம் இடம் மாறிய பிறகும் டிவி பழைய சேனலிலேயே தேடிக்கொண்டு நிற்பது இந்தத் துடைப்பு இல்லாததால்தான்.

2-1 வந்தது. கூடவே 2-2, 2-3 என்று துணைச் சேனல்களும். அனலாக்கில் ஒரே படம் அடைத்த 6 மெகாஹெர்ட்ஸுக்குள் இப்போது நாலைந்து ஓடுகின்றன.

வராவிட்டால் உடனே சிக்னலைப் பெருக்கும் ஆம்ப்ளிஃபையர் வாங்க ஓடாதீர்கள். கோபுரம் பக்கத்தில் இருந்தால் அது சிக்னலைக் கெடுக்கவே செய்யும். முதலில் ஆன்டெனாவை நகர்த்திப் பாருங்கள். வெப்பம் தடுக்கும் பூச்சுப் பூசிய ஜன்னல் கண்ணாடி சிக்னலையும் தடுக்கும். ஓரடி தள்ளி மரச்சுவர்ப் பக்கம் வைத்தால் வரும். டிஜிட்டலில் பழைய காலப் 'புள்ளி மழை' கிடையாது. படம் முழுசாக வரும், இல்லையென்றால் கட்டம் கட்டமாக உடைந்து காணாமல் போகும். அதனால் ஒவ்வொரு தடவையும் அரையடி நகர்த்தி, மெனுவில் இருக்கும் சிக்னல் அளவைப் பார்த்துப் பொறுமையாகச் செய்யுங்கள்.

இரண்டு வாரம் கழித்துத் தம்பி மறுபடி வந்தார். பகலில் 2 நன்றாக வருகிறதாம், ராத்திரியில்தான் உடைகிறதாம். போய் உட்கார்ந்தேன். அவர் மனைவி சமையல்கட்டில் விளக்கைப் போட்டார், படம் கட்டம் கட்டமானது. அணைத்தார், சரியானது. மலிவான எல்இடி பல்பு. விஎச்எஃப்-க்கு இந்த மாதிரி பல்பும் போன் சார்ஜரும் ஆகாது. பல்பை மாற்றினோம்.