மலைப்பறவைக் கட்டுரையை எடைபோடுவது எப்படி

விக்கிப்பீடியா போன்ற இணையக் கலைக்களஞ்சியத்தில் மலைப்பறவை ஒன்றைப் பற்றிய கட்டுரையைத் திறந்தால், முன்னுரையைத் தாண்டி, எந்த உயரத்தில் வாழ்கிறது என்று சொல்லும் வரிக்கு நேராகப் போங்கள். இந்தக் கட்டுரைகள் அதிகம் சறுக்குவது அங்கேதான்.

முதலில் அலகு. பழைய நூல்கள் உயரத்தை அடியில் சொல்லும். 4,000 அடி என்பது ஏறத்தாழ 1,220 மீட்டர். அலகை மாற்றாமல் 4,000 மீட்டர் என்று எழுதிவிட்டால் காட்டுப்பறவை மரமே இல்லாத உயரத்துக்குப் போய்விடும். ‘1,219.2 மீட்டர்’ என்று தசமத்தோடு இருந்தாலும் சந்தேகப்படுங்கள்: மூலத்தில் இருந்த தோராய எண்ணை யாரோ கணிப்பானில் தட்டியிருக்கிறார்.

அடுத்து பருவம். பல மலைப்பறவைகள் கோடையில் மேலே கூடு கட்டி, குளிர்காலத்தில் கீழே இறங்கும். ஒரே எண்ணைக் கொடுத்து நிறுத்தும் கட்டுரை பாதிக் கதையைத்தான் சொல்கிறது. வழக்கமான உயரமும் சாதனை உயரமும் கலந்திருக்கின்றனவா என்றும் பாருங்கள். வரித்தலை வாத்து எவரெஸ்டுக்கு மேல் பறக்கும் என்பது எல்லோருக்கும் பிடித்த வரி. கருவி பொருத்திப் பின்தொடர்ந்து 2013-இல் வெளியான ஆய்வில் பதிவான உச்சம் சுமார் 7,290 மீட்டர். பதிவுகளில் மிகப் பெரும்பாலானவை 5,500 மீட்டருக்குக் கீழே. நல்ல கட்டுரை இரண்டையும் தனித்தனியாகச் சொல்லும்.

பறவை வாழும் இடங்களைக் காட்டும் பரவல் படத்தை ஒரு பார்வை பார்த்தால் போதும். மலைப்பறவையின் படம் மலைத்தொடரை ஒட்டிய மெல்லிய பட்டையாக இருக்க வேண்டும். நாடு முழுவதும் வண்ணம் பூசியிருந்தால் அது அரசியல் எல்லை, பறவையின் எல்லை அல்ல.

வகைப்பாடு கட்டுரையின் வயதைக் காட்டிக்கொடுக்கும். மேற்குத் தொடர்ச்சி மலையின் சோலைக்கிளிகளுக்கு (பெயரில் கிளி இருந்தாலும் இவை கிளிகள் அல்ல, சிறு பறவைகள்) 2017-இல் சோலிகோலா என்ற தனிப் பேரினம் உருவாக்கப்பட்டது. பாலக்காட்டுக் கணவாய்க்கு வடக்கே ஓர் இனம், தெற்கே இன்னொன்று. கட்டுரை இன்னும் பழைய பேரினப் பெயரிலேயே இருந்தால் அதன் மற்றப் பகுதிகளும் புதுப்பிக்கப்படாமல் இருக்க வாய்ப்புண்டு. அழிவாய்ப்பு நிலைக்கும், அதாவது இனம் அழியும் ஆபத்து எவ்வளவு என்ற மதிப்பீட்டுக்கும், இதே சோதனைதான்: எந்த ஆண்டின் மதிப்பீடு என்று இருக்கிறதா? தாடிப் பாறு என்ற பிணந்தின்னிக் கழுகு 2014-இல் ‘அச்சுறு நிலையை அண்மித்த இனம்’ ஆனது. ‘கவலை இல்லை’ என்றே இருந்தால் யாரும் பல ஆண்டுகளாகத் தொடவில்லை.

அதே பறவை கட்டுக்கதைச் சோதனைக்கும் உதவும். அதன் மார்பின் செம்மஞ்சள் நிறம் இரும்பு ஆக்சைடு கலந்த மண்ணும் நீரும் ஏற்றிய சாயம். அந்த மண் கிடைக்காமல் கூண்டில் வளர்பவை வெளுத்தே இருக்கும். அது பிறவி நிறம் என்றோ, ஆட்டுக்குட்டிகளைத் தூக்கிப் போவதே அதன் பிழைப்பு என்றோ எழுதியிருந்தால் எழுதியவர் செவிவழிச் செய்தியை நம்பியிருக்கிறார். அதன் முக்கிய உணவு எலும்பு.

கடைசியாக அடிக்குறிப்புகள். எண்ணிக்கையைப் பார்த்து மயங்க வேண்டாம். எண்கள் வரும் வாக்கியங்களில் ஐந்தைத் தேர்ந்து மூலத்தைத் திறந்து பாருங்கள்: முட்டை எண்ணிக்கை, அடைகாக்கும் நாள்கள், எடை, உயரம், அழிவாய்ப்பு நிலை. இரண்டு பொருந்தாவிட்டால் மீதியையும் நம்பாதீர்கள். மூலமாகக் காட்டிய இணையப்பக்கம் இதே கட்டுரையைப் படியெடுத்ததாகவும் இருக்கலாம். திருத்தங்களைத் தேதியோடு காட்டும் பக்க வரலாற்றில் அந்த வாக்கியம் நுழைந்த தேதியோடு ஒப்பிட்டால் தெரிந்துவிடும்.

பிழை உறுதியானால், கட்டுரையைப் பற்றி விவாதிக்கும் பேச்சுப் பக்கத்தில் தவறான வாக்கியத்தை அப்படியே எடுத்துப் போட்டு, சரியான எண்ணையும் நூலின் பக்க எண்ணையும் கொடுங்கள். ‘கட்டுரை சரியில்லை’ என்ற குறிப்பை வைத்து யாராலும் எதையும் திருத்த முடியாது.