கிரீனிச் வில்லேஜை நடந்து காட்டுவது எப்படி

ஊரில் இருந்து அப்பா அம்மா வந்திருக்கிறார்கள், தம்பி மேற்படிப்புக்கு வந்து இறங்கியிருக்கிறான், சிநேகிதர்கள் ஒரு வாரம் தங்குகிறார்கள். நியூயார்க்கில் சுதந்திர தேவி சிலையும் டைம்ஸ் சதுக்கமும் பார்த்தாகிவிட்டது. அடுத்து எங்கே என்று கேட்டால் நான் யோசிக்காமல் கிரீனிச் வில்லேஜ் என்றுதான் சொல்வேன். நூறு வருடங்களுக்கு மேலாக ஓவியர்களும் கவிஞர்களும் பாட்டுக்காரர்களும் கலகக்காரர்களும், கையில் காசில்லாமல் ஆனால் தங்கள் இஷ்டப்படி, வாழ்ந்து பார்த்த பேட்டை அது. ஆனால் சும்மா கூட்டிக்கொண்டு போய் நிறுத்தினால் வருகிறவர்களுக்கு அங்கே ஒன்றும் தெரியாது. செங்கல் வீடுகள், மரங்கள், காபிக் கடைகள், அவ்வளவுதான். அதனால் வழிகாட்டியாகப் போகிறவர் கொஞ்சம் தயார் செய்துகொண்டு போக வேண்டும். நான் பலமுறை கூட்டிப்போய்க் கற்றுக்கொண்டதை எழுதுகிறேன்.

முதல் விதி: எங்கே நின்று கதை சொன்னாலும், அந்தக் கதையைக் கண்ணுக்கு எதிரே இருக்கும் ஒரு பொருளோடு சேர்த்துச் சொல்லுங்கள். ஒரு கதவு, ஒரு வளைவு, ஒரு விளக்குக் கம்பம். 'இங்கே இன்னார் வாழ்ந்தார்' என்று பெயர்ப் பட்டியல் வாசித்தால் மூன்றாவது பெயரிலேயே எல்லோரும் கைபேசியை எடுத்துவிடுவார்கள்.

ஆறேழு பேருக்கு மேல் வேண்டாம். ஒருமுறை சனிக்கிழமை சாயங்காலம் பதினொரு பேரை அழைத்துப்போனேன், மெக்டூகல் தெருக் கூட்டத்தில் பாதிப் பேர் பின்தங்கிவிட்டார்கள், பேசியது யாருக்கும் கேட்கவில்லை. வார நாள் காலை ஒன்பது, ஒன்பதரைக்கு ஆரம்பியுங்கள். மொத்த தூரம் மூன்று கிலோமீட்டர்கூட வராது, ஆனால் நின்று நின்று போவதால் மூன்று மணி நேரம் ஆகும். பெரியவர்கள் வந்தால், நடையைத் தொடங்கும் வாஷிங்டன் சதுக்கப் பூங்காவிலேயே கழிப்பறை இருக்கிறது, முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

சுரங்க ரயிலில் மேற்கு 4-ஆம் தெரு நிலையத்தில் இறங்கி, வாஷிங்டன் சதுக்கத்துப் பளிங்கு வளைவுக்குப் போங்கள். 1892-ல் கட்டி முடித்தது, ஸ்டான்ஃபோர்ட் வைட் வடிவமைத்தது. எல்லோரும் அண்ணாந்து பார்த்துப் படம் எடுப்பார்கள். நீங்கள் கீழே பார்க்கச் சொல்லுங்கள். மேற்குத் தூணில் ஒரு சின்னக் கதவு இருக்கிறது. 1917 ஜனவரி 23 இரவு, கெர்ட்ரூட் டிரிக் என்ற பெண், ஓவியர் ஜான் ஸ்லோன், மார்செல் டூஷாம்ப் உட்பட ஆறு பேர் இந்தக் கதவு வழியாக உள்ளே புகுந்து, சுழல் படிக்கட்டில் உச்சிக்கு ஏறி, காகித விளக்குகளும் பலூன்களும் கட்டி, வாஷிங்டன் சதுக்கம் இனி ஒரு சுதந்திரக் குடியரசு என்று அறிவித்தார்கள். குளிர்காலம், நடுராத்திரி, ஆறே பேர். இந்தப் பேட்டையின் மனசு என்ன என்று புரியவைக்க இதைவிட நல்ல தொடக்கம் எனக்குத் தெரியாது.

அங்கிருந்தபடியே தரையைக் காட்டி இன்னொன்றையும் சொல்லுங்கள். 1797 முதல் 1825 வரை இது ஏழை எளியவர்களைப் புதைத்த இடுகாடு. சுமார் 20,000 பேர் இன்னும் இந்தப் புல்வெளிக்கும் நடைபாதைக்கும் கீழேதான் இருக்கிறார்கள். வடமேற்கு மூலையில் நிற்கும் பழைய எல்ம் மரத்தில் ஆட்களைத் தூக்கிலிட்டார்கள் என்று பல வழிகாட்டிகள் சொல்வார்கள், அதற்குப் பதிவே கிடையாது, அந்தக் கதையை விட்டுவிடுங்கள். உண்மையில் நடந்ததே போதுமான அளவு இருக்கிறது. வடக்கு ஓரத்தில் வரிசையாக நிற்கும் சிவப்பு வீடுகளில் 3-ஆம் எண்ணைக் காட்டுங்கள். ஓவியர் எட்வர்ட் ஹாப்பர் 1913-ல் இருந்து 1967-ல் இறக்கும்வரை அதன் மேல்மாடியில் இருந்தார். 74 படிகள். அடுப்புக்கு வேண்டிய நிலக்கரியை அவரே சுமந்து ஏறினார்.

அப்புறம் நேராக மெக்டூகல் தெருவுக்குப் போய்விடாமல், முதலில் கிழக்கே ஒரு தெரு தள்ளி கிரீன் தெருவும் வாஷிங்டன் பிளேஸும் சந்திக்கும் மூலைக்குக் கூட்டிப்போங்கள். இது கலைஞர்கள் கதை இல்லைதான், ஆனாலும் தயவுசெய்து தவிர்க்காதீர்கள். இப்போது நியூயார்க் பல்கலைக்கழகத்தின் கட்டடமாக இருக்கும் இதன் மேல் மூன்று மாடிகளில்தான் டிரையாங்கிள் சட்டைத் தொழிற்சாலை இருந்தது. 1911 மார்ச் 25 அன்று தீப்பிடித்தது. ஒரு பக்கத்துக் கதவு பூட்டிக் கிடந்தது, தீயணைப்பு ஏணி ஆறாவது மாடி வரைதான் எட்டியது, 146 பேர் இறந்தார்கள். பெரும்பாலோர் பிழைக்க வந்த யூத, இத்தாலியக் குடும்பத்துப் பெண்கள், பலர் இருபது வயதுகூட நிரம்பாதவர்கள். 2023-ல் திறந்த நினைவுச்சின்னத்தை அவசரப்படாமல் பாருங்கள். தலைக்கு மேலே ஓடும் எஃகுப் பட்டையில் இறந்தவர்களின் பெயர்களை வெட்டித் துளைத்திருக்கிறார்கள், அந்தத் துளைகள் வழியாக வானம் தெரிகிறது. இடுப்புயரத்தில் கறுப்பாக ஒரு பலகை. அதைக் குனிந்து பார்த்தால் மேலே உள்ள பெயர்கள் அதில் பிரதிபலிக்கும், கூடவே நம் முகமும். இங்கே நான் பேசுவதை நிறுத்திவிடுவேன். அவரவர் இரண்டு மூன்று பெயர்களைத் தாங்களாகவே வாசிக்கட்டும்.

பூங்காவின் குறுக்கே திரும்பி வரும்போது தென்மேற்கு மூலையில் சதுரங்க மேசைகள். பூங்காவின் தெற்கு ஓரத்தில் ஒரு இலங்கைத் தமிழர் தள்ளுவண்டியில் தோசை சுட்டுப் பெயர் வாங்கினார், 2007-ல் நியூயார்க் தெருவோர உணவுக்கான வெண்டி விருதே அவருக்குக் கிடைத்தது. வண்டி கண்ணில் பட்டால் வரிசையில் நின்றுவிடுங்கள். இதே பூங்காவின் நடுவே கார் சாலை போட, நகரத்தின் சாலைகளையும் பூங்காக்களையும் கையில் வைத்திருந்த அதிகாரி ராபர்ட் மோசஸ் திட்டம் போட்டபோது, ஷெர்லி ஹேய்ஸ், ஜேன் ஜேகப்ஸ் போன்ற அக்கம்பக்கத்துத் தாய்மார்கள் வருடக்கணக்கில் போராடித் தடுத்ததையும் சதுரங்கம் பார்த்துக்கொண்டே சொல்லிவிடலாம்.

மெக்டூகல் தெருவில் 119-ஆம் எண் கஃபே ரெஜியோ, 1927-ல் இருந்து இருக்கிறது. அமெரிக்காவுக்குக் கப்புச்சினோவைக் கொண்டுவந்தது தாங்கள்தான் என்பது அவர்கள் உரிமை கோரல். உள்ளே 1902-ஆம் ஆண்டு எஸ்பிரசோ இயந்திரம் ஒன்றை வைத்திருக்கிறார்கள், காபி குடிக்காவிட்டாலும் அதைப் பாருங்கள். 115-ல் கஃபே வா. 1961 ஜனவரியில் பத்தொன்பது வயது பாப் டிலன் நியூயார்க் வந்து இறங்கிய அன்றே பாடிய இடம். எதிரே 116-ன் நிலவறையில் கவிதையும் பாட்டும் நடந்த கேஸ்லைட் என்ற காபி விடுதி இருந்தது. மேலே குடியிருந்தவர்களுக்குக் காற்றுப்போக்கி வழியாகச் சத்தம் கேட்டதால், கைதட்டாமல் விரல் சொடுக்கிப் பாராட்டும் பழக்கம் அங்கே வந்தது என்பார்கள். அந்தப் படிக்கட்டுக்கு முன் நின்று எல்லோரையும் ஒருமுறை சொடுக்கச் சொல்லுங்கள், நன்றாக இருக்கும்.

கொஞ்சம் தெற்கே மினெட்டா லேன் வலது பக்கம் திரும்பும், அதிலிருந்து மினெட்டா தெரு வளைந்து இறங்கும். இந்த வளைவுதான் எனக்கு மிகப் பிடித்த நிறுத்தம். மன்ஹாட்டனில் தெருக்கள் எல்லாம் நூல் பிடித்த மாதிரி நேராக இருக்க, இது மட்டும் ஏன் வளைகிறது? கீழே ஒரு ஓடை. மினெட்டா ஓடை. மேலே மூடிவிட்டார்கள், ஆனால் தெரு அதன் போக்கிலேயே போகிறது. 1640-களில் டச்சுக்காரர்கள் தாங்கள் அடிமைகளாக வைத்திருந்த ஆப்பிரிக்கர்களில் சிலருக்குப் 'பாதி விடுதலை' கொடுத்து, இந்த ஓடைப் பக்கத்து நிலங்களைத் தந்தார்கள். வருடாவருடம் தானியமும் ஒரு கொழுத்த பன்றியும் கப்பமாகக் கட்ட வேண்டும், அவர்கள் பிள்ளைகள் அடிமைகளாகவே இருப்பார்கள் என்பது நிபந்தனை. பாடகர்களும் கவிஞர்களும் வருவதற்கு முன்னூறு வருடம் முன்பே இங்கே உழுது விதைத்துக் குடியிருந்தவர்கள் அவர்கள். இதைச் சொல்லாமல் இந்தப் பேட்டையைக் காட்டி முடித்தால் முக்கியமான பாதியை விட்டுவிட்டதாகவே எனக்குத் தோன்றும்.

தெருக்கள் கோணலாக இருப்பதற்கு இன்னொரு காரணம், 1811-ல் மன்ஹாட்டனைக் கட்டம் கட்டமாகப் பிரித்துத் திட்டம் போட்டபோது இங்கே ஏற்கெனவே ஆட்களும் தெருக்களும் இருந்தார்கள், அதனால் இதை விட்டுவிட்டார்கள். மேற்கு 4-ஆம் தெரு மேற்கு 10-ஆம் தெருவைக் குறுக்கே வெட்டும், அதனால் கைபேசி வரைபடத்தைப் பார்த்தாலும் ஒருமுறையாவது வழி தவறும். இப்படி ஒதுங்கிக் கிடந்ததால், பணக்காரர்கள் வடக்கே நகர்ந்தபின் பழைய வீடுகளை அறை அறையாகப் பிரித்துக் குறைந்த வாடகைக்கு விட்டார்கள், காசில்லாத கலைஞர்கள் வந்தார்கள். ஓவியம், நாடகம், பாட்டு எல்லாவற்றுக்கும் அடியில் இருந்தது அந்த வாடகைதான்.

ஆறாம் அவென்யூவைக் கடந்து பிளீக்கர் தெரு வழியாக ஜோன்ஸ் தெருவுக்கு வாருங்கள். டிலனும் அவர் காதலி சூஸ் ரோடோலோவும் பனியில் ஒட்டிக்கொண்டு நடந்துவரும் ஆல்பம் அட்டைப்படம், 1963 பிப்ரவரியில் இந்தத் தெருவில் எடுத்தது. பக்கத்திலேயே மேற்கு 4-ஆம் தெரு 161-ல் இருந்தது அவர்கள் குடியிருந்த வீடு, மாத வாடகை 60 டாலர். இன்று அதே பேட்டையில் ஒற்றைப் படுக்கையறை வீட்டுக்குப் பல ஆயிரம் டாலர். இதை மறைக்காமல் சொல்லுங்கள், இன்று வந்து இறங்கும் பத்தொன்பது வயதுப் பாட்டுக்காரனால் இங்கே இருக்க முடியாது.

மார்ட்டன் தெரு வழியாக ஏழாம் அவென்யூவைத் தாண்டி பெட்ஃபோர்ட் தெருவில் வலப்பக்கம் திரும்பினால் 75½. ஆமாம், அரை எண். ஒன்பதரை அடி அகலம், 1873-ல் இரண்டு வீடுகளுக்கு இடையே இருந்த சந்தில் கட்டியது. இருவர் கையை விரித்துக் கோத்து நின்றால் வீட்டின் அகலம் முடிந்துவிடும், எங்கள் வீட்டுப் பிள்ளைகள் நடைபாதையில் நின்று அப்படித்தான் அளந்து பார்த்தார்கள். கவிஞர் எட்னா செயின்ட் வின்சென்ட் மில்லே 1923-24-ல் இங்கே இருந்தார். அவர் பெயரில் இருக்கும் செயின்ட் வின்சென்ட், இதே பேட்டையில் இருந்த மருத்துவமனையின் பெயர். அவருடைய மாமா உயிரை அங்கே காப்பாற்றியதால் வைத்தது. பக்கத்து 77, 1799-ல் கட்டியது, வில்லேஜிலேயே பழைய வீடு. இந்தப் பகுதியில் குரலைத் தாழ்த்திக்கொள்ளுங்கள், வாசற்படியில் உட்காராதீர்கள். இங்கே ஆட்கள் குடியிருக்கிறார்கள். பக்கத்தில் க்ரோவ் தெருவில், வீடுகளுக்கு நடுவே ஒதுங்கியிருக்கும் க்ரோவ் கோர்ட் என்ற தனியார் முற்றத்தின் இரும்புக் கதவுக்கு வெளியே நின்று எட்டிப் பார்ப்பதோடு சரி.

க்ரோவ் தெரு வழியாகத் திரும்பி, கிறிஸ்டோபர் தெருவும் ஏழாம் அவென்யூவும் சேரும் மூலைக்கு வந்ததும் எல்லோரையும் காலடியைப் பார்க்கச் சொல்லுங்கள். நடைபாதையில் ஒரு ஆள் குறுக்கே கால் வைத்தால் மறைந்துவிடும் அளவுக்கு ஒரு முக்கோணம், சின்னச் சின்ன ஓட்டுத் துண்டுகளால் பதித்தது. அவென்யூவை நீட்டுவதற்காக ஹெஸ் குடும்பத்தின் கட்டடத்தை நகராட்சி எடுத்துக்கொண்டது. அளவைத் தப்பில் இந்தத் துண்டு மட்டும் மிஞ்ச, அதையும் தானமாகக் கேட்டார்கள். அவர்கள் கொடுக்கவில்லை. இது ஹெஸ் சொத்து, பொதுப் பயன்பாட்டுக்கு ஒருபோதும் கொடுக்கப்படவில்லை என்று 1922-ல் ஓட்டில் எழுதிப் பதித்துவிட்டார்கள்.

சாலையைக் கடந்தால் ஸ்டோன்வால். 1969 ஜூன் 28 அதிகாலை போலீஸ் சோதனைக்கு வந்தபோது, தன்பாலீர்ப்பாளர்களும் திருநர்களும் இனி அடங்கிப் போக மாட்டோம் என்று எதிர்த்து நின்ற மது விடுதி. 2016-ல் தேசிய நினைவிடம் ஆனது. வீட்டுப் பெரியவர்கள் கூட வந்தால் இதை எப்படிச் சொல்வது என்று சிலர் தயங்குகிறார்கள். தயங்க வேண்டாம். எதிரே பூங்காவில் ஜார்ஜ் சீகல் செய்த வெள்ளைச் சிலைகள் இருக்கின்றன: இரண்டு ஆண்கள் நிற்கிறார்கள், இரண்டு பெண்கள் பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறார்கள், ஒருத்தியின் கை மற்றவள் தொடைமேல். அந்த பெஞ்சின் அருகில் உட்காரவைத்து அமைதியாகச் சொன்னால் போதும். என் அம்மா முழுக்கக் கேட்டுவிட்டு, "அவங்க அம்மா அப்பால்லாம் என்ன சொன்னாங்க?" என்று மட்டும் கேட்டார். அரை மணி நேரம் அதைப் பற்றியே பேசினோம்.

கடைசியாக ஆறாம் அவென்யூவில் ஜெஃபர்சன் மார்க்கெட் நூலகம். 1877-ல் நீதிமன்றமாகக் கட்டியது, இடிக்கவிருந்ததை அக்கம்பக்கத்தார் போராடிக் காப்பாற்றி 1967-ல் நூலகம் ஆக்கினார்கள். உள்ளே போய்ச் சுழல் படிக்கட்டையும் வண்ணக் கண்ணாடிகளையும் பாருங்கள். எதிரே மேற்கு 10-ஆம் தெருவில் பேட்சின் பிளேஸ் என்ற சின்ன முட்டுச்சந்து, இதற்கும் இரும்புக் கதவு. 4-ஆம் எண்ணில் கவிஞர் கம்மிங்ஸ் ஏறக்குறைய நாற்பது வருடம் இருந்தார், 5-ல் எழுத்தாளர் ஜூனா பார்ன்ஸ். வயதான காலத்தில் அவர் வெளியே வருவதே இல்லை. கம்மிங்ஸ் ஜன்னலைத் திறந்து, ஜூனா, இன்னும் உயிரோடுதான் இருக்கிறாயா என்று கத்திக் கேட்பாராம். சந்தின் கோடியில் பழைய எரிவாயு விளக்குக் கம்பம் ஒன்று நிற்கிறது, இப்போது மின்விளக்கு. கதவுக் கம்பிகளுக்கு இடையே அதைக் காட்டிவிட்டு, நியூஜெர்சிக்குத் திரும்புகிறவர்கள் ஆறாம் அவென்யூவில் 9-ஆம் தெரு பாத் ரயில் நிலையத்துக்கு இரண்டு நிமிடத்தில் போய்விடலாம்.