வெளிநாட்டுப் படப்பிடிப்பைப் பாதியில் நிறுத்தும் தவறுகள்

கூடலூரிலும் கோத்தகிரியிலும் உள்ள, இலங்கையிலிருந்து தாயகம் திரும்பியோர் குடும்பத்துப் பிள்ளைகள், தாத்தா பாட்டி வாழ்ந்த தேயிலைத் தோட்ட லயன் வீடுகளை ஆவணப்படமாக்க ஹட்டனுக்கும் நுவரெலியாவுக்கும் புறப்படுமுன் என்னிடம் ஆலோசனை கேட்டு வருகிறார்கள். கேமராவை நன்கறிந்த அவர்கள், தயாரிப்பு நிர்வாகத்தில் என் தலைமுறையினர் செய்த பிழைகளையே திரும்பச் செய்கிறார்கள்.

எடுத்த காட்சி யாருக்குச் சொந்தம் என்று எழுதி வாங்காமை

இந்தத் தவறைக் காணும்போதெல்லாம் எனக்கு இன்றும் கோபம் வருகிறது. சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைன் 1930 டிசம்பரில் மெக்சிகோ சென்றார். அமெரிக்க எழுத்தாளர் அப்டன் சின்கிளேரும் அவர் மனைவியும் பணம் திரட்டினர். படம் அந்த அம்மையாருக்கே சொந்தம் என்றது ஒப்பந்தம். சில மாதங்களுக்கெனத் திட்டமிட்ட படப்பிடிப்பு ஓராண்டைத் தாண்டியது. சுருள்கள் கழுவுவதற்கு அமெரிக்கா சென்றுவிட்டதால், தாம் எடுத்ததை அங்கேயே போட்டுப் பார்க்கவும் அவருக்கு வழியில்லை. 1932 தொடக்கத்தில் பணம் நின்றது. 1933இல் பிறர் அந்தச் சுருள்களிலிருந்து ஒரு படத்தைத் தொகுத்து வெளியிட்டனர். ஏறத்தாழ 2 லட்சம் அடி எடுத்திருந்தும், தம் படத்தைத் தாமே தொகுக்க வாய்க்காமல் 1948இல் ஐசன்ஸ்டைன் காலமானார். பணம் தருபவர் நல்லவர், ஒப்பந்தம் எதற்கு என்று கேட்பவர்களுக்கு ஒன்று சொல்வேன்: சின்கிளேர் தொழிலாளர்களின் துயரை எழுதியவர், ஐசன்ஸ்டைனை மதித்தே பணம் திரட்டியவர்.

கோத்தகிரி இளைஞர் ஒருவர், கொழும்பில் கிடைத்த இணைத் தயாரிப்பாளர் நீட்டிய தாளில் படிக்காமலே கையெழுத்திட்டார். பணத்தகராறு வந்ததும் ஹார்ட் டிஸ்க்குகள் அங்கேயே தங்கிவிட்டன. அவற்றில் மணிக்கணக்காகப் பேசியிருந்த அவருடைய சின்னப்பாட்டி பிறகு இறந்துவிட்டார். அந்தப் பேச்சு இன்றுவரை அந்த இளைஞர் கைக்கு வரவில்லை.

தொகுக்கும் உரிமை யாருக்கு, பணம் நின்றால் காட்சிகள் யாரிடம் சேரும், அன்றன்று எடுத்ததன் நகல் இயக்குநர் கையில் இருக்குமா என்ற மூன்றுக்கும் எழுத்தில் விடை வாங்கிய பிறகே பயணச்சீட்டு எடுங்கள்.

சுற்றுலா விசாவில் படம்பிடித்தல்

கூடவே கூடாது.

கார்னே இல்லாமல் கருவிகளைக் கொண்டுசெல்லுதல்

கருவிகளைத் தற்காலிகமாக வெளிநாடு கொண்டுசெல்ல உதவும் சுங்க ஆவணமான ஏ.டி.ஏ. கார்னேயை இந்தியாவில் ஃபிக்கி என்னும் வணிக, தொழில் கூட்டமைப்பு வழங்குகிறது. திரும்பும்போதும் அதில் சுங்க முத்திரை பெற மறவாதீர்கள்.

மழைக்காலம் பாராமை

கூடலூரை நனைக்கும் தென்மேற்குப் பருவமழைதான் ஹட்டனையும் நனைக்கிறது. ஆகவே கொழுந்து பறிக்கும் காட்சிக்கு அங்கே ஜூனில் நாள் குறிக்காதீர்கள். அம்மாதத்தில்தான் போக முடியும் என்றால், மலையின் மறுபக்கத்தில் மழை குறைந்திருக்கும் பதுளைப் பகுதிக் காட்சிகளை முதலில் எடுத்து முடியுங்கள்.