அத்தையோடு உட்கார்ந்து ரேமண்டின் கடைசி சீசன் பார்ப்பது எப்படி

சேலம் அம்மாப்பேட்டையில் எங்கள் வீட்டுக்கு எதிர்வீடு மாமனார், மாமியாருடையது. நடுவில் ஒரு சந்து மட்டும்தான். ‘எவ்ரிபடி லவ்ஸ் ரேமண்ட்’ என்ற அமெரிக்க நகைச்சுவை டிவி தொடரிலும் ரேமண்டின் அப்பா அம்மா எதிர்வீட்டில் இருந்துகொண்டு நினைத்த நேரத்தில் உள்ளே வருவார்கள். அதனாலேயே அத்தைக்கு இதைக் காட்ட ஆசைப்பட்டேன்.

ஆனால் மொத்தம் 9 சீசன், 210 பகுதிகள். பெரியவர்களை முதலிலிருந்து உட்கார வைக்காதீர்கள், பாதியில் எழுந்துவிடுவார்கள். நேராக ஒன்பதாவது சீசனுக்குப் போங்கள். 2004இல் தொடங்கி 2005 மே 16இல் முடிந்த அதில் 16 பகுதிகள்தான்.

ஆட்களைப் பெயரைவிட முறை சொல்லி அறிமுகப்படுத்துங்கள். மேரி மாமியார், ஃப்ராங்க் மாமனார், டெப்ரா மருமகள். மூத்த மகன் ராபர்ட் போலீஸ்காரன். ஆனால் அம்மாவுக்குச் செல்லம் இளையவன் ரேமண்ட். இவ்வளவு போதும், ராபர்ட்டின் முகம் ஏன் தொங்கிக் கிடக்கிறது என்று அவர்களுக்கே பிடிபட்டுவிடும். மேரியை வில்லி என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். நான் சொன்னேன். “சோறாக்கிக் கொண்டாறவ எப்படி கண்ணு வில்லி ஆவா?” என்று அத்தை கேட்டார். யோசித்துப் பார்த்தால் அவர் கேட்டது சரி.

எங்கள் தெருவில் தறி ஓடினால் வசனம் காதில் விழாது. ராத்திரி தறி நின்ற பிறகுதான் போடுவோம். தட்டுவடை செட் வாங்கி வந்தால் தொடங்குவதற்கு முன்பே சாப்பிட்டு முடித்துவிடுங்கள், கடிக்கிற சத்தத்தில் பாதி வசனம் போய்விடும்.

ஒவ்வொரு வசனத்தையும் தமிழில் சொல்லப் போகாதீர்கள். முதல் நாளே நீங்கள் தனியாகப் பார்த்து வையுங்கள். அப்புறம் ஒரு காட்சி தொடங்கும்போது யாருக்கு யார்மேல் கோபம் என்று ஒரே வரி சொல்லிவிட்டு வாயை மூடிக்கொள்ளுங்கள். மீதியை நடிகர்களின் முகம் சொல்லிவிடும். மேரியாக நடித்த டோரிஸ் ராபர்ட்ஸ் ஒரு பார்வையிலேயே மருமகளின் சமையலைக் குறை சொல்லிவிடுவார். சிரிப்புச் சத்தம் எங்கிருந்து வருகிறது என்று கேட்பார்கள். நாடகம் மாதிரி ஆட்களை உட்கார வைத்து அவர்கள் முன்னால் நடித்தது என்று சொல்லுங்கள்.

முதல் இரண்டு பகுதிகளை ஒரே ராத்திரியில் பாருங்கள். முதல் பகுதியில் மேரியும் ஃப்ராங்கும் நியூஜெர்சியில் முதியோர் குடியிருப்புக்குப் போவதாகச் சொல்கிறார்கள். அங்கேயே நிறுத்தினால் பெரியவர்களுக்குத் தூக்கம் வராது. இரண்டாவதில் திரும்பி வந்துவிடுகிறார்கள். நடுவில் இருப்பவற்றில் பிடித்ததைப் பார்க்கலாம்.

கடைசிப் பகுதிக்கு மட்டும் நாள் பார்த்துக்கொள்ளுங்கள். ரேமண்டுக்கு மூக்குக்குப் பின்னால் வளர்ந்த அடினாய்டு சதையை எடுக்கிறார்கள். சின்ன ஆபரேஷன்தான், ஆனால் மயக்கம் தெளிய வைக்க முடியாமல் கொஞ்ச நேரம் திணறுகிறார்கள். வீட்டில் யாராவது ஆபரேஷனுக்குக் காத்திருந்தால் அந்த வாரம் போட வேண்டாம். நடந்ததை மேரியிடம் மறைக்கிறார்கள். அத்தை அந்த இடத்தில் என் கையைப் பிடித்துக்கொண்டார். முன்பு மாமாவுக்கு நெஞ்சுவலி வந்தபோது நாங்களும் அத்தையிடம் ஒரு நாள் சொல்லாமல் இருந்தோம். அங்கே நிறுத்தி வையுங்கள், பேச வேண்டியதைப் பேசட்டும். நாங்கள் அரை மணி நேரம் பேசினோம்.

முடிவில் எல்லோரும் ஒரே மேசையைச் சுற்றி நெருக்கியடித்து உட்கார்ந்து காலைச் சாப்பாடு சாப்பிடுவார்கள். உடனே டிவியை அணைக்காதீர்கள். அத்தை அந்தக் காட்சியை இன்னொரு தடவை போடச் சொன்னார்.