இம்மெல்மான் திருப்பம்: உச்சியில் எஞ்சும் வேகமே கணக்கு

நேராகப் பறக்கும் விமானத்தை மேல்நோக்கி அரை வட்டமாக வளைத்து, உச்சியில் தலைகீழாக இருக்கும்போது அரைச் சுற்று உருட்டி நிமிர்த்தினால், அது வந்த திசைக்கு எதிராக, முன்பைவிட உயரத்தில் பறக்கும். இதுவே இம்மெல்மான் திருப்பம். 1916இல் மாண்ட ஜெர்மானியப் போர் விமானி மாக்ஸ் இம்மெல்மானின் பெயர் இதற்கு இருந்தாலும், அவருடைய ஃபோக்கர் விமானத்தில் இன்றைய வடிவத்தை அவர் செய்திருப்பாரா என்பது ஐயமே.

சாகசப் பறப்புக்குச் சான்று பெற்ற விமானத்தில், பயிற்றுநர் உடனிருக்க, போதிய உயரத்தில்தான் இதைப் பழக வேண்டும். வார்களை இறுக்கி, சுற்றிலும் வேறு விமானம் இல்லை என்று உறுதிசெய்து, நேரான சாலை ஒன்றின்மேல் அதன் திசையிலேயே விமானத்தைச் செலுத்தினால், திரும்பிய பின் திசை பிசகியதா என்பது உடனே தெரியும்.

நுழையும் வேகத்தை விமானத்தின் கையேடே சொல்லும். முழு லூப்புக்கு, அதாவது செங்குத்தான முழு வட்டத்துக்கு, வேண்டியதைவிட அது கூடுதலாகவே இருக்கும், ஏனெனில் உச்சியில் உருளுவதற்கும் வேகம் மிஞ்ச வேண்டும். எஞ்சினின் உந்துதலையும் காற்றின் தடையையும் ஒதுக்கிவிட்டுக் கணக்கிட்டால், 140 நாட் (மணிக்கு இத்தனை கடல் மைல்) வேகத்தில் தொடங்கி 200 மீட்டர் ஏறும் விமானத்திடம் உச்சியில் எஞ்சுவது ஏறத்தாழ 70 நாட்தான்.

இறக்கைகளை மட்டமாக வைத்து, முழுத் திறன் கொடுத்து, ஸ்டிக்கை (விமானத்தின் கட்டுப்பாட்டுத் தண்டை) சீராகப் பின்னிழுங்கள். வெடுக்கென்று இழுத்தால் தடை கூடி வேகம் வீணாகும், தயங்கி இழுத்தாலோ வட்டம் பெரிதாகி உச்சிக்கு வரும்முன்பே வேகம் தீர்ந்துவிடும். பல பயிற்சி விமானங்களில் தொடக்க இழுப்பு 3 முதல் 4 ஜி (புவியீர்ப்பைப் போல் அத்தனை மடங்கு) வரை இருக்கும் என்பதால், வயிற்றையும் கால்களையும் இறுக்கிக்கொள்வது நல்லது. முன்கண்ணாடியில் வானம் மட்டுமே தெரியும் கட்டத்தில் பார்வையை இறக்கை நுனிக்கு மாற்றுங்கள். பிறகு தலையைப் பின்சாய்த்து, எதிர்ப்புறத் தொடுவானத்தைத் தேடுங்கள். வேகம் குறையக் குறைய மூக்கு பக்கவாட்டில் விலகும். விமானியின் பார்வையில் புரொப்பெல்லர் வலஞ்சுழியாகச் சுற்றும் விமானங்களில் வலது ரடர் (மூக்கைப் பக்கவாட்டில் திருப்பும் வால் தகடு) அதைச் சரிசெய்யும்.

மூக்கு தொடுவானத்துக்குச் சற்று மேலே இருக்கும்போதே இழுப்பைத் தளர்த்தி, ஸ்டிக்கை லேசாக முன்தள்ளி, எய்லரானை (விமானத்தை உருட்டும் இறக்கைத் தகட்டை) முழுமையாகக் கொடுத்து உருட்டுங்கள். உருளும்போது மூக்கு தாழும் என்பதால்தான் அந்தச் சிறு இடைவெளி. இறக்கைகள் மட்டமானதும் எய்லரானை நடுநிலைக்குக் கொண்டுவாருங்கள்.

உச்சியில் வேகம் போதாது என்று தோன்றினால் உருட்டவோ, ஸ்டிக்கை அழுத்தி இழுக்கவோ கூடாது. அது ஸ்டாலில் (இறக்கை தூக்குவிசையை இழக்கும் நிலையில்) தொடங்கிச் சுழல்வீழ்ச்சியில் முடியலாம். பிடியைத் தளர்த்தி, மூக்கைத் தானாகக் கீழே விழவிட்டு, வேகம் வந்தபின் மெதுவாக இழுத்து, லூப்பின் மறுபாதியாக அதை முடித்துவிடுங்கள்.