உங்கள் பட்டிக்கு வரலாறு எழுதணுமா? முதலில் கண்மாய்க் கரைக்குப் போங்கள்

செட்டிநாட்டில் காரைக்குடிக்கும் கானாடுகாத்தானுக்கும் எழுத ஆள் இருக்கிறது. அங்கே பெரிய வீடுகளில் பதித்த ஆத்தங்குடித் தரைக்கல்லைப் படம் எடுத்துப் போடாதவர் யார்? ஆனால் அந்த வீடுகளுக்கு நெல் அளந்த பக்கத்துப் பட்டிகளைப் பற்றி, அதாவது ஐம்பது வீடு, ஒரு கண்மாய் (பாசன ஏரி), கரையில் ஒரு அய்யனார் கோயில் என்று இருக்கிற ஊர்களைப் பற்றி, தேடினால் நாலு வரி கிடைக்காது. தேவகோட்டைப் பக்கம் எங்கள் ஊரும் அப்படித்தான். எழுத உட்கார்ந்து நான் பட்ட பாட்டைச் சொல்கிறேன், உங்களுக்கு உதவும்.

கோயில் கதையிலிருந்து தொடங்காதீர்கள். ராஜா வேட்டைக்கு வந்தார், மாடு பால் சொரிந்தது என்ற கதை எல்லா ஊரிலும் உண்டு. கண்மாயிலிருந்து தொடங்குங்கள். இந்தப் பக்கம் செம்மண்ணும் செம்புறாங்கல்லும்தான், வருஷம் முழுக்க ஓடும் ஆறு கிடையாது. பாம்பாறும் விருசுழியாறும் மழை பெய்தால் ஆறு, இல்லையென்றால் மணல். ஐப்பசி கார்த்திகையில் விழுவதைத் தேக்கி ஒரு போகம் எடுக்கிற பூமி என்பதால், யார் எங்கே குடியேறினார்கள், யாரோடு யாருக்குப் பகை என்பதெல்லாம் தண்ணீரில்தான் போய் முடியும். ஊர்ப் பெயர் ஏந்தல், வயல், ஊரணி என்று முடிகிறதா? அப்படியானால் அங்கே தண்ணீர் முதலில், வீடு அப்புறம்.

கண்மாய்க்கு இரண்டு தடவை போங்கள். நிறைந்திருக்கும்போது ஒன்று, சித்திரையில் உள்வாய் (தண்ணீர் நிற்கும் உட்பகுதி) வெடித்துக் கிடக்கும்போது ஒன்று. வரத்துக்கால் (தண்ணீர் கொண்டுவரும் கால்வாய்) எங்கிருந்து வருகிறது, வயலுக்குத் தண்ணீர் திறக்கும் மடை எத்தனை, நிறைந்த தண்ணீர் வழியும் கலுங்கு எந்தப் பக்கம், மறுகால் போனால், அதாவது கலுங்கு வழிந்து ஓடினால், அடுத்து எந்த ஊர் என்று ஒரு தாளில் வரைந்துகொள்ளுங்கள். நான் இதைச் செய்யாமல், கூகுள் படத்தை மட்டும் பார்த்து "எங்கள் கண்மாய்க்கு ஆற்றுத் தண்ணீர் வருகிறது" என்று எழுதி அப்பத்தாவிடம் வாசித்துக் காட்டினேன். வெற்றிலையை மென்றுகொண்டே, "ஆறா? மேலூருக் கம்மா மறுகா போனாத்தாண்டா நமக்குத் தண்ணி. அதுக்குத்தான் ஒங்க அய்யா ராத்திரி மம்பட்டியோட போயி அடிவாங்கிட்டு வந்தாரு" என்றார். படத்தில் நீலக் கோடாகத் தெரிந்தது எப்போதோ தூர்ந்துபோன கால்வாய். மூன்று பக்கத்தைக் கிழித்துப் போட்டேன்.

உள்வாயில் இறங்கும்போது பழைய மடையைப் பாருங்கள். இரண்டு கல்தூண் நின்று, நடுவில் குறுக்குக் கல் இருக்கும். சில தூண்களில் எழுத்து இருக்கும். இருந்தால் மாவோ சுண்ணாம்போ பூசாதீர்கள், ஆணியால் சுரண்டாதீர்கள். இருட்டிய பிறகு டார்ச்சைப் பக்கவாட்டில் சாய்த்துப் பிடித்தால் எழுத்து தானாக எழும்பித் தெரியும். அப்படி எடுத்த படத்தோடு சிவகங்கை அரசு அருங்காட்சியகத்தில் கேட்டுப் பாருங்கள்.

அப்புறம் காகிதம். இதில் பலர் தடுக்கி விழுவது பெயரில்தான். உங்கள் பட்டியின் பெயரில் வருவாய் கிராமமே இருக்காது. பக்கத்து ஊர் தாய்க்கிராமமாக இருக்கும், உங்களுடையது அதற்குள் அடங்கிய உட்கடை. அந்தத் தாய்க்கிராமத்தின் 'அ' பதிவேட்டைக் கேளுங்கள். எது நன்செய், எது புன்செய், எது புறம்போக்கு, கண்மாய் எத்தனை ஹெக்டேர் என்று எல்லாம் அதில் இருக்கும் (ஒரு ஹெக்டேர் ஏறக்குறைய 2.47 ஏக்கர்). 1979 முதல் 1987 வரை நடந்த நில உடைமை மேம்பாட்டுத் திட்டத்தில் பதிவுகளைத் திருத்தினார்கள், அதனால் தாத்தா பத்திரத்து நம்பரும் இன்றைய பட்டா நம்பரும் ஒத்துப்போகவில்லை என்றால் பதறவேண்டாம்.

பழைய பத்திரத்தில் ஜில்லா பெயரையும் கவனியுங்கள். சிவகங்கைச் சீமை 1910 வரை மதுரை ஜில்லா, பிறகு ராமநாதபுரம், 1985-இலிருந்துதான் தனி மாவட்டம். செட்டிநாட்டிலேயே சில ஊர்கள் புதுக்கோட்டை சமஸ்தானத்தில் இருந்தன. 1948-இல் திருச்சியோடு சேர்ந்து, 1974-இல் புதுக்கோட்டை மாவட்டத்துக்குள் வந்தன. ஆண்டு பசலியில் (வருவாய்த்துறைக் கணக்கு ஆண்டு) இருந்தால் 590 கூட்டுங்கள்: பசலி 1358 என்றால் 1948 ஜூலையில் தொடங்கும் வருஷம். ஜமீன் ஒழிப்புச் சட்டமும் 1948-இல் வந்ததுதான், ஆகவே அதை ஒட்டிய வருஷங்களின் காகிதம் கிடைத்தால் விடாதீர்கள். குத்தகைக்கு உழுதவர் பெயர் முதல் தடவையாக ஒரு ரசீதில் வருவதை நான் பார்த்தது அங்கேதான். மடித்து மடித்துப் பழுப்பேறி, ஒரு ஓரம் கரையான் தின்றது போக, கைநாட்டு மட்டும் அப்படியே இருந்தது.

பெரியவர்களிடம் "எந்த வருஷம்?" என்று கேட்டால் வாய்க்கு வந்ததைச் சொல்வார்கள், தப்பு அவர்கள் மேல் இல்லை. தனுஷ்கோடிப் புயலுக்கு முன்னாலா பின்னாலா என்று கேளுங்கள், அது 1964 டிசம்பர். பர்மாவிலிருந்து ஆட்கள் நடந்து வந்தபோதா என்றால் 1942. அதற்கும் முந்தியது தாது வருஷப் பஞ்சம், 1876-ஐ ஒட்டி; இப்போது அதைக் கேள்விப்பட்டதாகத்தான் சொல்வார்கள், சரி, அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

வயல் பெயர்களுக்கு மட்டும் நிலக்காரரிடம் போகாதீர்கள், அவருக்குச் சர்வே நம்பர்தான் தெரியும். நடவு நட்ட பெண்களிடம் கேளுங்கள். எங்கள் ஊரில் ஒரு அக்கா வரப்பில் நின்று கையை நீட்டி, கணக்கன்செய், பள்ளச்செய், ஒத்தப்பனைச்செய் என்று மடைக்கு மடை முப்பத்தொரு பெயர் சொன்னார். ஒத்தைப் பனை இப்போது இல்லை. கணக்கன் செய்யில் தைலமரம் நிற்கிறது.

எழுதி முடித்ததைச் சாவடியில் உட்கார்ந்து சத்தமாக வாசியுங்கள், சண்டை வரும், வரட்டும். எனக்கு மேலமடை முதலில் திறக்குமா கீழமடையா என்பதில் வந்தது. இரண்டு தரப்பும் விடவில்லை. இரண்டையும் அடுத்தடுத்து எழுதி, யார் சொன்னது எது என்று போட்டுவிட்டேன். அப்பத்தா மட்டும் இன்னும் மேலமடைதான் என்கிறார்.